தங்கச்சி எம்.எம்.ஏ சண்டைக்குப் போகப்போறாளாம் – விசயம் தெரிஞ்ச ஆக்கள் ஒருக்காச் சொல்லுங்கோ

விசுவமடு_தையல்கடை

எல்லாருக்கும் வணக்கம். நான் விசுவமடுவில சின்னத் தையல்கடை ஒண்டு வைச்சிருக்கிறன். கேள்வி எனக்கில்லை, என்ர தங்கச்சிக்கு. 18 வயசு. ஏ.எல் எழுதிப்போட்டு றிசல்ட் பாத்துக்கொண்டிருக்கிறாள்.

ஞாயிற்றுக்கிழமை காலமை ஏழரை ஆனால் போனைத் தூக்கிக்கொண்டு கிணத்தடிக்குப் போயிடுவாள். அங்கதான் சிக்னல் வடிவா இழுக்கும். ஆரோ பெடியனோட கதைக்கிறாள் எண்டு அம்மா கொஞ்சநாள் புறுபுறுத்துக்கொண்டு திரிஞ்சவ. ஒருநாள் பின்னால போய் எட்டிப் பாத்தால், கம்பிவலைக் கூட்டுக்குள்ள ரெண்டு பொம்பிளையள் முகமெல்லாம் ரத்தத்தோட குத்துப்படுகினம். "உதுக்குப் பெடியனே பரவாயில்லையடி" எண்டா அம்மா.

ஒன்பதாம் ஆண்டிலயிருந்து பள்ளிக்கூடத்தில கிக்பொக்சிங் பழகினவள். மாகாணப் போட்டியில பதக்கமும் எடுத்தவள். அதுவரைக்கும் எங்களுக்குச் சந்தோசம்தான். இப்ப சொல்லுறாள், படிப்பு கிடிப்பு ஒண்டும் வேண்டாம், குத்து, உதை, மல்யுத்தம் எல்லாம் கலந்த இந்த எம்.எம்.ஏ சண்டைதான் தொழில் எண்டு. அமெரிக்காவின்ர பெரிய எம்.எம்.ஏ நிறுவனமான யூ.எஃப்.சிக்குப் போய்ச் சேருறதுதான் கடைசி எண்ணமாம். கொழும்புக்கே தனியப் போய் வராத பிள்ளை.

எங்களுக்கு அப்பா இல்லை. இந்தக் கதை தொடங்கின நாளிலயிருந்து அம்மாவுக்குச் சாப்பாடு இறங்கேல்ல. ஊர்ச்சனமும் சும்மா இருக்காது. இந்த மண்ணில பொம்பிளைப்பிள்ளை சண்டை பழகிறாள் எண்டால் ஆக்களுக்கு என்ன ஞாபகம் வரும் எண்டு உங்களுக்குத் தெரியும். முன்வீட்டு ஐயா படலையில நிண்டு கேட்டார், "என்ன பிள்ளை, திருப்பியும் தொடங்கப்போறியளோ?" எண்டு. பகிடிக்குத்தான். அம்மா அண்டைக்கு இரவு ஒருத்தரோடயும் கதைக்கேல்ல.

இன்னொண்டும் இருக்கு. 2009 இல இவளுக்கு ரெண்டு வயசு. அப்ப பட்ட செல் துண்டு ஒண்டு இடது தோள்மூட்டுக்குப் பின்னால இன்னும் கிடக்கு. எடுக்க வெளிக்கிட்டால் நரம்பு பழுதாகும் எண்டு அப்பிடியே விட்டவை. இதுவரைக்கும் அதால ஒரு கரைச்சலும் இல்லை. ஆனால் இந்தச் சண்டைக்காரருக்கு மூளை ஸ்கான் எல்லாம் கேப்பினம் எண்டு அவளே சொல்லுறாள். துண்டோட ஸ்கான் எடுக்கலாமோ?

இது உண்மையிலயே ஒரு தொழிலோ? ஒரு பொம்பிளைப்பிள்ளை இதால சீவிக்கலாமோ? வீட்டில பேசி அடக்கிறதோ விடுறதோ எண்டு தெரியேல்ல. பகிடி பண்ணாமல் ஆராவது சொல்லுங்கோ.

நெடுங்கேணியான்

நேர்சிங்குக்கு விண்ணப்பம் போடச் சொல்லுங்கோ. இல்லாட்டில் பாங்க் சோதனை எடுக்கட்டும். மூக்கு உடைஞ்ச பிள்ளைக்குப் பிறகு மாப்பிள்ளை தேடிப் பாருங்கோ, அப்ப விளங்கும். இந்தச் சண்டையெல்லாம் வெள்ளைக்காரருக்குச் சரி. நாங்கள் பட்ட சண்டை காணாதோ?

பழைய_ஜூடோக்காரி

நெடுங்கேணி அண்ணைக்கு: மூக்கு உடையிறது கிரிக்கெட்டிலயும்தான். அதை விடுவம்.

விசுவமடுப் பிள்ளை, முதல்ல அவளின்ர போனைப் பறிக்காதேங்கோ. நான் கிளிநொச்சியில பள்ளிக்கூடப் பிள்ளையளுக்கு ஜூடோவும் மல்யுத்தமும் பழக்கிறன். அதுக்குச் சம்பளம் இல்லை. சம்பளம் வேற இடத்தில, மேசைக்கு முன்னால இருந்து கடிதம் அடிக்கிற வேலை. இந்த விளையாட்டால நான் ஒரு சதமும் உழைக்கேல்ல எண்டதால, ஆளைச் சேர்க்கிறதுக்காகப் பூசி மெழுகிச் சொல்லவேண்டிய தேவை எனக்கில்லை.

உங்கட தங்கச்சி பாக்கிறது 14 செக்கனில முடியிற சண்டை. உந்தப் பொம்பிளையள் 15 வயசிலயிருந்து ஒரு 23 வயசு வரைக்கும் எங்க நிண்டவை, என்ன செய்தவை எண்டு அவளிட்டக் கேளுங்கோ. அதைத்தான் நான் என்னட்ட வாற பிள்ளையளிட்ட முதல் நாளே கேக்கிறனான். ஒருத்தருக்கும் தெரியாது.

யூ.எஃப்.சிச் சண்டைக்காரி ரொண்டா ரௌசியை எடுங்கோ. தாய் ஆன்மரியா டி மார்ஸ் 1984 இல உலக ஜூடோ சம்பியன். அமெரிக்காவில அந்தப் பட்டம் எடுத்த முதல் ஆள் அவதான், ஆம்பிளையளையும் சேர்த்துத்தான் சொல்லுறன். மகளைக் காலமை நித்திரையால எழுப்பிறதே கைப்பூட்டுப் போட்டுத்தானாம். நாங்கள் ஜூடோவில ஜூஜி-கத்தமே எண்டு சொல்லுற பூட்டு: எதிராளியின்ர கையை ரெண்டு தொடைக்கும் நடுவில இறுக்கி, இடுப்பைத் தூக்கி முழங்கையை மறுபக்கம் வளைக்கிறது. மகள் 17 வயசில 2004 ஏதென்ஸ் ஒலிம்பிக்குக்குப் போய் வெறுங்கையோட வந்தவள். 2008 பெய்ஜிங்கில 70 கிலோவில வெண்கலம். ஒலிம்பிக் ஜூடோவில ஒரு அமெரிக்கப் பெண்ணுக்கு அதுதான் முதல் பதக்கம். அந்தப் பதக்கத்தோட வீட்டை வந்தவள் பிறகு பாரில குடிவகை ஊத்திக் குடுத்தவள், கொஞ்சக் காலம் தன்ர காருக்குள்ளயே படுத்தவள். தொழில்முறைச் சண்டைக்கு வந்தது 2011 இல தான்.

அதே வருசம்தான் யூ.எஃப்.சி தலைவர் டானா வைற், பொம்பிளையள் எங்கட மேடைக்கு ஒருநாளும் வரமாட்டினம் எண்டு கமராவுக்கு முன்னால சொன்னது. 2013 பெப்ரவரி 23 இல அனஹைமில ரௌசியும் லிஸ் கார்முஷும் அந்த மேடையிலயே கடைசிச் சண்டை, அதாவது அண்டைய இரவின்ர பெரிய சண்டை. ரௌசி அதையும் கைப்பூட்டில தான் முடிச்சவள். தாய் விடியக்காத்தால பழக்கின அதே பூட்டு. அந்த ஒரு பூட்டுக்குப் பின்னால எத்தினை வருசப் பாய் விரிப்புக் கிடக்கெண்டு யோசியுங்கோ.

சீனத்துச் சாங் வெய்லியைத் தங்கச்சி கட்டாயம் பாத்திருப்பாள். ஹெபெய் மாகாணம். சின்ன வயசிலயே சாண்டா, அதாவது சீனக் கிக்பொக்சிங். முதுகு பழுதாகி அதை விட்டிட்டு, பெய்ஜிங்கில பாலர் பாடசாலையில வேலை, பாதுகாப்பு வேலை, ஹோட்டல் வரவேற்பு மேசை, கடைசியா ஒரு ஜிம்மின்ர முன்மேசை. அந்த ஜிம்மில வேலை முடிஞ்ச பிறகு பழகினவள். 2013 இல முதல் தொழில்முறைச் சண்டை, தோல்வி. 2019 ஓகஸ்ட் 31 இல ஷென்ஷெனில பிரேசில்காரி ஜெசிக்கா அன்ட்ராடேயை 42 செக்கனில விழுத்தி, சீனாவின்ர முதல் யூ.எஃப்.சி சம்பியன். அந்த 42 செக்கனைத்தான் பிள்ளையள் போனில திருப்பித் திருப்பிப் பாக்கிறது. வரவேற்பு மேசையில இருந்த வருசங்களை ஆர் பாக்கினம்?

அம்மா எட்டிப் பாத்த ரத்தச் சண்டை அனேகமா 2020 மார்ச்சில சாங் வெய்லியும் போலந்துக்காரி யொவானா யென்ஷேய்ச்சிக்கும் பிடிச்சதா இருக்கும். அஞ்சு சுற்றும் நிண்டு அடிபட்டவை. யொவானாவின்ர நெத்தி வீங்கி ஆளையே அடையாளம் தெரியேல்ல. பொம்பிளையளின்ர சண்டையில அதைவிடத் திறமான சண்டை நான் பாக்கேல்ல. அதுக்காக என்ர மகளை அதுக்குள்ள விடுவனோ எண்டு கேட்டால், உடன மறுமொழி சொல்ல எனக்கு ஏலாது.

ஆனால் நான் உங்கட தங்கச்சிக்கு ஒரேயொரு ஆளைப் பற்றித்தான் படி எண்டு சொன்னால், அது பூஜா தோமர். உத்தரப்பிரதேசம், முசாபர்நகர்ப் பக்கம் புடானா எண்டொரு ஊர். தகப்பன் சின்ன வயசிலயே செத்துப்போனார், தாய் மூண்டு பொம்பிளைப்பிள்ளையளைத் தனிய வளத்தவ. பூஜா வூஷு எண்ட சீனத் தற்காப்புக்கலையில தேசிய சம்பியன் பட்டங்கள் எடுத்துப்போட்டுத்தான் எம்.எம்.ஏக்கு வந்தவள். வந்து எல்லாச் சண்டையும் வெல்லேல்ல, அதைத்தான் கவனிக்க வேணும். 2020 ஜனவரியில பாங்கொக்கில தாய்லாந்துப் பெட்டை ஸ்டாம்ப் ஃபெயார்டெக்ஸிட்ட முதல் சுற்றிலயே அடி வாங்கி விழுந்தவள். கதை அதோட சரி எண்டுதான் கனபேர் நினைச்சவை. அவள் திரும்பி இந்தியாவுக்குள்ள நடக்கிற சண்டையளுக்குப் போய், அங்க பட்டம் எடுத்து, 2023 இல யூ.எஃப்.சி ஒப்பந்தம். இந்தியப் பெண்ணுக்கு அதுதான் முதல் ஒப்பந்தம். 2024 ஜூன் 8 இல லூயிவில் நகரில ரயானே டொஸ் சான்டோஸை நடுவர்மாரின்ர பிரிஞ்ச தீர்ப்பில வென்றாள். யூ.எஃப்.சியில ஒரு சண்டை வென்ற முதல் இந்தியப் பெண் அவள்தான். பிறகு 2025 மார்ச்சில லண்டனில ஷோனா பானனிட்டத் தோல்வி. எப்பிடித் தோத்தவள் எண்டு தெரியுமோ? கைப்பூட்டு. ரௌசியின்ர அதே ஜூஜி-கத்தமே.

இதில தான் உங்கட தங்கச்சிக்கு வேலை இருக்கு. அடியும் உதையும் பழக எங்கட பக்கத்தில வழி கிடக்கு. முல்லைத்தீவு கணேஷ் இந்துகாதேவி 2022 இல லாகூரில சவாட் எண்ட பிரெஞ்சுக் கிக்பொக்சிங்கில தங்கம் எடுத்து வந்தது உங்களுக்கும் தெரிஞ்சிருக்கும். பிறகு எத்தினை சின்னப்பிள்ளையள் உதை பழக வெளிக்கிட்டவை! ஆனால் எம்.எம்.ஏயில அடி பாதிதான். மற்றப் பாதி பிடிச்சு விழுத்திறது, நிலத்தில கிடந்து பூட்டுறது, பூட்டுக்குள்ளயிருந்து நழுவுறது. கிக்பொக்சிங் மட்டும் தெரிஞ்ச பிள்ளையை ஒரு நல்ல மல்யுத்தக்காரி ஒரு நிமிசத்துக்குள்ள கிடத்திப்போடுவாள். அதனால இப்ப அவள் எம்.எம்.ஏ பழகத் தேவையில்லை. மல்யுத்தமோ ஜூடோவோ பழகவேணும். ரெண்டும் அகில இலங்கைப் பாடசாலை விளையாட்டிலயே இருக்கு, மாவட்ட விளையாட்டு உத்தியோகத்தரிட்டக் கேட்டால் எந்தக் கழகம் எங்க எண்டு சொல்லுவினம். நெத்மி பொருதொட்டகே எண்ட பிள்ளை 2022 பேர்மிங்ஹாம் பொதுநலவாயப் போட்டியில 57 கிலோ மல்யுத்தத்தில வெண்கலம் எடுத்தது 18 வயசில. உங்கட ஆளின்ர வயசுதான்.

நேர சொல்லுறன். நாலைஞ்சு வருசம் பாயில உருளச் சம்மதமெண்டால் கதைப்பம். இல்லை, அடுத்த வருசமே கூட்டுக்குள்ள இறங்கவேணும் எண்டால் நேர்சிங் விண்ணப்பம்தான் சரி.

மெல்பேண்_மல்லாவியான்

பழைய ஜூடோக்காரி சொன்னதுக்கு மேல பெரிசா ஒண்டும் இல்லை. ஒரு விசயம் மட்டும்.

2015 நவம்பர் 15, இங்க டொக்லண்ட்ஸ் மைதானத்தில ரௌசியும் ஹொலி ஹொல்மும். 56,214 சனம். நானும் என்னோட வேலை செய்யிற ரெண்டு பேரும் போனனாங்கள். அமெரிக்காக்காரர் சனிக்கிழமை இரவு ரீவியில பாக்கவேணும் எண்டதுக்காக இங்க ஞாயிற்றுக்கிழமை பட்டப்பகல்ல நடத்தினவை. பெரிய சண்டை, அதுக்கு முதல் சண்டை, ரெண்டும் பொம்பிளையளின்ர பட்டச் சண்டை. மல்லாவியில நான் வளரேக்க, பொம்பிளையள் விளையாடுறதைப் பாக்கச் சனம் காசு குடுக்கும் எண்டு ஆராவது சொல்லியிருந்தால் சிரிச்சிருப்பன்.

ஹொல்ம் குத்துச்சண்டையில உலகப் பட்டங்கள் எடுத்த ஆள். ரௌசி எல்லாரையும் பிடிச்சு விழுத்திறமாதிரி இவவையும் பிடிக்கத் துரத்தினா, இவ விலகி விலகி இடக்கைக் குத்தால மூஞ்சையில குடுத்துக்கொண்டே இருந்தா. ரெண்டாம் சுற்று தொடங்கி ஒரு நிமிசத்துக்குள்ள கழுத்தடியில ஒரு உதை. முடிஞ்சுது. முழு மைதானமும் எழும்பிக் கத்துது, நானும் கத்தினன். பக்கத்தில இருந்த ஒரு வெள்ளைக்காரப் பிள்ளை, பத்து வயசிருக்கும், ரௌசியின்ர படம் போட்ட சேட்டோட அழுதுகொண்டிருந்தது. அடுத்த வருசம் டிசம்பரில அமண்டா நூனெஸிட்ட 48 செக்கனில தோத்து ரௌசி ஆட்டத்தை விட்டிட்டா.

நான் சொல்ல வந்தது தலையடியைப் பற்றி. 2024 இல ரௌசியே வெளிப்படையாச் சொன்னவ, ஜூடோ ஆடின சின்ன வயசிலயிருந்தே தலையடி வாங்கி வாங்கி மறைச்சுக்கொண்டு திரிஞ்சதெண்டு. மேடையில படுற அடியைவிடப் பழகிற இடத்தில ஒவ்வொரு நாளும் படுற அடிதான் மூளையைத் தின்னும். என்ர மகள் இங்க பிரேசில் ஜூ-ஜிட்சு பழகிறாள். அந்த ஜிம்மில தலையில அடிபட்டால் தலைச்சுத்து, தலையிடி முழுக்க நிண்டு வைத்தியர் எழுதிக் குடுக்கும் வரைக்கும் பாயில கால் வைக்க விடமாட்டினம். தங்கச்சி போற இடத்து மாஸ்ரர் "இதெல்லாம் ஒண்டும் செய்யாது, எழும்பு" எண்டு சொல்லுற ஆளெண்டால், அண்டைக்கே கூட்டிக்கொண்டு வீட்டை வாங்கோ.

எக்ஸ்ரே_அறைக்காரன்

நான் வைத்தியர் இல்லை. ஆஸ்பத்திரியில படம் எடுக்கிற ஆள். செல் துண்டுக் கேள்விக்கு மட்டும் பதில்.

எம்.ஆர்.ஐ எண்டது பெரிய காந்தம். உடம்புக்குள்ள இரும்புத் துண்டு இருந்தால் அது அசையலாம், சூடாகலாம். அதால உள்ள போக முதலே கட்டாயம் சொல்ல வேணும். வன்னியில நாங்கள் எல்லாரிட்டையும் இதைக் கேட்டுத்தான் விடுறது, கனபேருக்குத் தங்களுக்குள்ள துண்டு கிடக்கிறதே தெரியாது. முதல்ல சாதாரண எக்ஸ்ரே எடுத்து எங்க, என்ன அளவு எண்டு பாப்பினம். கண்ணுக்குள்ள, மூளைக்குள்ள, முள்ளந்தண்டுக்குக் கிட்ட எண்டால் பெரும்பாலும் விடமாட்டினம். தோள்மூட்டுத் தசைக்குள்ள கனகாலம் அசையாமல் கிடக்கிற துண்டெண்டால் கதிரியக்க வைத்திய நிபுணர் பாத்து முடிவு சொல்லுவார். சி.ரி ஸ்கானுக்கு இந்தத் தடை இல்லை.

லாஸ் வேகஸ் இருக்கிற நெவாடா மாதிரி இடங்களில சண்டைக்கு அனுமதி குடுக்க முதல் மூளைப் படம், கண் சோதனை, எயிட்ஸ், ஈரலழற்சி இரத்தச் சோதனை எல்லாம் கேப்பினம். அது பின்னடிக்கு வாற விசயம். இப்ப செய்யவேண்டியது, பழைய கிளினிக் கொப்பியும் எக்ஸ்ரேயும் இருந்தால் பத்திரப்படுத்திறது. இல்லாட்டில் புதுசா ஒண்டு எடுத்து வைக்கிறது. அதோட தோள்மூட்டை முறிக்கிற பூட்டுகள் பழக முதல் எலும்பு வைத்தியரிட்ட ஒருக்காக் காட்டுங்கோ. துண்டு நரம்புக்குக் கிட்ட எண்டு நீங்களே சொல்லுறியள்.

விசுவமடு_தையல்கடை

எல்லாருக்கும் நன்றி. இப்பிடி ஆறுதலா எழுதுவியள் எண்டு நினைக்கேல்ல. கிளினிக் கொப்பி கிடக்கு, செட்டிகுளம் முகாமில இருந்த காலத்துத் துண்டுக் கடுதாசியும் அதுக்குள்ள கிடக்கு.

ஜூடோ அக்கா, காசு விசயம் ஒருக்கா விளங்கப்படுத்துங்கோ. எனக்குக் கடை வாடகை இருக்கு, லோன் ஒண்டு ஓடுது. அவள் ஒரு பத்து வருசம் உழைக்காமல் உருண்டால் வீடு தாங்காது. மற்றது, அவள் இப்ப 54 கிலோ. 52க்குக் குறைக்கவேணும் எண்டு இரவுச் சாப்பாட்டை விட்டிட்டாள். அதுதான் அம்மாவுக்கு இன்னும் கோவம்.

பழைய_ஜூடோக்காரி

இரவுச் சாப்பாட்டை இண்டைக்கே திருப்பித் தொடங்கச் சொல்லுங்கோ! எந்தச் சண்டைக்குக் குறைக்கிறாளாம்? சண்டையே இல்லாத பிள்ளைக்கு என்ன எடைக் கணக்கு?

52.2 கிலோ எண்டது யூ.எஃப்.சியில பொம்பிளையளின்ர ஆகக் குறைஞ்ச எடைப்பிரிவு. சாங் வெய்லி சம்பியன் ஆனதும் பூஜா வென்றதும் அதிலதான். சண்டைக்கு முதல்நாள் எடை பாப்பினம். அதுக்காகக் கடைசி நாளுகளில உடம்பிலயிருந்து தண்ணியை வடிச்செடுத்து, எடை பாத்து முடிய மளமளவெண்டு திருப்பிக் குடிக்கிறது. அது பக்கத்தில வைத்தியர், கோச் எல்லாரும் நிக்கச் செய்தாலும் ஆபத்துத்தான். 2015 டிசம்பரில மணிலாவில யாங் ஜியான் பிங் எண்ட சீனப் பெடியன் இப்பிடித் தண்ணி வடிச்சுத்தான் செத்தவன். அதுக்குப் பிறகுதான் அந்தச் சண்டையை நடத்த இருந்த ஒன் சம்பியன்ஷிப் எண்ட ஆசிய நிறுவனக்காரர் எடையோட சேர்த்து உடம்பில தண்ணி காணுமோ எண்டும் சோதிக்கத் தொடங்கினவை.

உங்கட பிள்ளை இப்ப செய்யவேண்டியது சாப்பிடுறது. அவிச்ச பயறு, முட்டை, நெத்தலி, கச்சான், முருங்கையிலை. விசுவமடுவில கச்சானுக்கு என்ன பஞ்சம்? புரத மா எண்டு டப்பா வாங்கிக் காசை வீணாக்காதேங்கோ. மாதவிலக்கு ஒழுங்கா வருதோ எண்டு நீங்கள்தான் கவனிக்க வேணும், அம்மாவிட்ட அவள் சொல்லமாட்டாள். ஒழுங்கு குழம்பினால் சாப்பாடு காணாது எண்டு அர்த்தம். இரத்தத்தில ஹீமோகுளோபின் ஒருக்காப் பாருங்கோ. என்னட்ட வாற பிள்ளையளில களைக்குது எண்டு குந்துற கனபேருக்கு இரத்தம் காணாது, வேற ஒண்டுமில்லை.

இனிக் காசு. யூ.எஃப்.சியில கூடச் சண்டைக்காரர் சம்பளக்காரர் இல்லை. மாதம் மாதம் ஒண்டும் வராது. ஒவ்வொரு சண்டைக்கும் மேடையேறினதுக்கு ஒரு தொகை, வென்றால் இன்னொரு தொகை. புதுசா வாற ஆளுக்கு வருசத்தில ரெண்டு, மூண்டு சண்டை கிடைச்சாலே பெரிசு. அதுக்குள்ள கோச்சுக்கு, மனேச்சருக்கு, வரிக்கு எல்லாம் குடுக்க வேணும். சண்டைக்கு முதல்நாள் முழங்கால் பிரண்டால் அதுவும் இல்லை. தங்களுக்குச் சரியாக் காசு தரேல்ல எண்டு பழைய சண்டைக்காரர் போட்ட வழக்கில 375 மில்லியன் டொலர் குடுத்துத் தீர்க்கிறதுக்கு 2025 இல நீதிமன்றம் சம்மதிச்சது. அதிலயிருந்து விளங்குதுதானே, அங்கயும் எல்லாரும் மாளிகை கட்டேல்ல. அண்டைய இரவில நல்லா ஆடின ஆக்களுக்கு 50,000 டொலர் எண்டு கனகாலமாக் குடுத்த வெகுமதிதான் கனபேருக்கு வீட்டுக் கடனைக் கட்டினது.

எங்கட நாட்டுக்குள்ள எண்டால் கதை வேற. தெற்கில இந்த அடிபிடி விளையாட்டுகளில நிண்டு பிடிக்கிற பொம்பிளைப்பிள்ளையள் கனபேர் இராணுவ, கடற்படை, விமானப்படை, பொலிஸ் கழகங்களில சம்பளம் எடுத்துக்கொண்டு ஆடுற ஆக்கள். சாப்பாடு, வைத்தியம், பயிற்சி எல்லாம் அங்கயே கிடைக்கும். எங்கட வீடுகளில அந்த வழி எப்பிடி எண்டு நான் எழுதத் தேவையில்லை. ஒரு வீட்டில சரி எண்டினம், ஒரு வீட்டில வாசலில ஏறவே விடாயினம். ரெண்டு பக்கத்தையும் நான் குறை சொல்லமாட்டன். ஆனால் அந்தச் சம்பளம் இல்லாமல் எங்கட பிள்ளையள் அவையளோட மோதுதுகள் எண்டதை மேடைக்குக் கீழ நிண்டு பாக்கேக்க எனக்கு வயிறு எரியும்.

அதனால உங்கட பிள்ளைக்கு ஒரு தொழில் வேணும். விளையாட்டை ஒட்டியே எடுக்கலாம். சப்ரகமுவ, ஸ்ரீ ஜயவர்த்தனபுர பல்கலைக்கழகங்களில விளையாட்டு விஞ்ஞானம் படிக்கலாம். றிசல்ட் வந்தாப்போல எந்தப் பாடங்களுக்கு எது கிடைக்கும் எண்டு பல்கலைக்கழக மானியங்கள் ஆணைக்குழுவின்ர கைநூலைப் பாருங்கோ. நெடுங்கேணி அண்ணை சொன்ன நேர்சிங்கும் எனக்குப் பிரச்சினை இல்லை. சாங் வெய்லி வரவேற்பு மேசையில இருந்தவள்தானே, வேலைக்குப் போறது சண்டையை விட்டமாதிரி ஆகாது. 2026 ஐச்சி-நகோயா ஆசிய விளையாட்டுப் போட்டியில எம்.எம்.ஏயையும் முதல் தரமாச் சேர்த்திருக்கினம். இனி நாடுகள் அமெச்சூர் அணி கட்டத் தொடங்கும். அப்ப தெரிவுக்குப் போகேக்க, உதைக்கவும் தெரிஞ்சு மல்யுத்தமும் தெரிஞ்ச பிள்ளையளைத்தான் தேடுவினம். அப்பிடிப் பிள்ளையள் இஞ்ச எண்ணிச் சில பேர்தான்.

கிணத்தடிச்_சிக்னல்

நான்தான் அந்தத் தங்கச்சி. அக்கா, மாதவிலக்கு வரைக்கும் ஊர் முழுக்கக் கதைக்க வைச்சிட்டியள், நல்லா இருப்பியள்.

ஜூடோ அக்கா, நீங்கள் கேட்ட கேள்விக்குப் பதில் எனக்குத் தெரியும். சாங் வெய்லியின்ர ஜிம் கதை, பூஜா அக்காவின்ர கதை எல்லாம் வாசிச்சிருக்கிறன். யொவானா 2022 ஜூனில சிங்கப்பூரில திருப்பியும் சாங் வெய்லியிட்டத் தோத்து, அதே கூட்டுக்குள்ளயே கையுறையைக் கழட்டி வைச்சதும் தெரியும். எனக்கு அது பயமில்லை. பாயில உருளவும் சம்மதம். ஆனால் விசுவமடுவிலயிருந்து கிளிநொச்சிக்குப் பின்னேரம் வந்தால் திரும்பக் கடைசி பஸ் ஆறரைக்குப் பிறகு நிச்சயமில்லை. அம்மா அதைத்தான் முதல்ல பிடிப்பா. மற்றது, பொம்பிளையள் மட்டும் பழகிறதோ, பெடியளும் சேர்ந்தோ?

பழைய_ஜூடோக்காரி

பகிடி விடத் தெரிஞ்ச பிள்ளை, நல்லது. தோத்தாலும் அழுதுகொண்டு நிக்கமாட்டாய்.

பெடியளும் வருவாங்கள். ஆனால் பொம்பிளைப்பிள்ளையளுக்குத் தனிப்பாய், பூட்டுப் பழகேக்க நான் பக்கத்தில நிப்பன். பின்னேரம் வேண்டாம், சனிக்கிழமை காலமை எட்டரைக்கு வா. பரந்தன் சந்தியில இறங்கினால் அங்கால பஸ் கனக்க ஓடும். மத்தியானத்துக்கு முதல் விட்டிடுவன். அம்மாவையும் கூட்டிக்கொண்டு வா, அவவுக்குக் கதிரை போட்டுத் தேத்தண்ணியும் தருவன். உன்னை ஒரு பதினாறு வயசுப் பிள்ளை கிடத்திறதை அம்மா ஒருக்காப் பாக்கட்டும். அடிபடாமலும் விழலாம், விழுந்த பிள்ளை சிரிச்சுக்கொண்டு எழும்பும் எண்டு கண்டால் அவவின்ர பாதிப் பயம் போயிடும்.

கையிலயும் காலிலயும் நகத்தை ஒட்ட வெட்டிக்கொண்டு வா. தோடு, காப்பு, கயிறு எல்லாம் வீட்டில. தலையை இறுக்கிப் பின்னு, கிளிப் குத்தாதை. பல்லுக்கு மாட்டுற கம்ஷீல்ட் இருந்தால் கொண்டு வா, இல்லாட்டில் முதல் மாதத்துக்குத் தேவையில்லை. உன்னை ஆரும் குத்த நான் இப்ப விடப்போறதில்லை. எக்ஸ்ரே அண்ணை சொன்னமாதிரி தோள்மூட்டை வைத்தியரிட்டக் காட்டி ஒரு துண்டு எழுதி வாங்கிக்கொண்டு வா. அது இல்லாமல் கைப்பூட்டுப் பழக்கமாட்டன். இடுப்பால எறியிறதும் விழப் பழகிறதும் மட்டும்தான்.

வரமுதல் வடிவாச் சாப்பிட்டிட்டு வா. வெறும்வயித்தோட வந்தால் வாசலிலயே திருப்பி அனுப்புவன்.